கேம்பர்லியில் பிறந்த பெண்: இங்கிலாந்துத் தமிழ்ப் பெற்றோருக்கு ஒரு திறந்த மடல்

இங்கிலாந்தில் பிள்ளை வளர்க்கும் தமிழ்ப் பெற்றோருக்கு,



நம் வாட்ஸ்அப் குழுக்களில் நடிகை சிமோன் ஆஷ்லியின் படம் சுற்றாத மாதமே இல்லை. சிவப்புக் கம்பளத்தில் ஒரு படம், பத்திரிகை அட்டையில் ஒரு படம், கீழே “நம்ம தமிழ்ப் பொண்ணு!” என்று ஒரு வரி, அதற்குக் கைதட்டும் பொம்மைகள் வரிசையாக. அதே குழுவில், அதே ஆட்கள், யாராவது ஒரு தாய் “என் மகள் ஜி.சி.எஸ்.இ.க்கு டிராமா எடுக்கணும்னு நிக்கிறா, என்ன செய்யலாம்?” என்று கேட்டால் எழுதும் பதில்களையும் படிக்கிறேன். “அது வேஸ்ட்.” “ட்ரிபிள் சயின்ஸ் போடச் சொல்லுங்க.” “ஹாபியா வச்சுக்கட்டும், அதுக்கெல்லாம் ஒரு சப்ஜெக்ட்டா?” இந்த இரண்டும் ஒரே கைப்பேசியில் சண்டையில்லாமல் குடியிருப்பதுதான் என்னை எழுத வைத்தது. சனிக்கிழமைத் தமிழ்ப் பள்ளியில் உங்கள் பிள்ளைகளுக்குப் பாடம் எடுப்பவள் என்ற உரிமையில் எழுதுகிறேன். கொஞ்சம் காரமாக இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

முதலில், நாம் யாரைப் பற்றிப் பெருமைப்படுகிறோம் என்று பார்ப்போம். ஃபார்வர்டில் வரும் படத்துக்கு முன்கதை கிடையாது.

சிமோன் 1995 மார்ச் 30 அன்று சர்ரே மாவட்டத்தின் கேம்பர்லியில் பிறந்தார். சாண்ட்ஹர்ஸ்ட் ராணுவ அகாடமிக்கு அடுத்த ஊர் அது. பெற்றோர் இந்தியத் தமிழர்கள். முழுப்பெயர் சிமோன் அஷ்வினி பிள்ளை. பிறகு குடும்பம் பக்கிங்ஹாம்ஷயரின் பெக்கன்ஸ்ஃபீல்டுக்குக் குடிபெயர்ந்தது. பக்கிங்ஹாம்ஷயர் என்றதும் உங்களுக்கு என்ன நினைவுக்கு வரும் என்று எனக்குத் தெரியும்: கிராமர் ஸ்கூல், இலெவன் ப்ளஸ், அதற்கு இயர் ஃபோரிலிருந்தே ட்யூஷன். நம்மவர்கள் வீட்டு விலையைப் பார்க்காமல் அந்த மாவட்டத்துக்கு மாறுவதே இதற்காகத்தான். அதே பெக்கன்ஸ்ஃபீல்டில்தான் 1971-ல் தொடங்கிய நேஷனல் ஃபிலிம் அண்ட் டெலிவிஷன் ஸ்கூல் இருக்கிறது. பைன்வுட் ஸ்டூடியோவும் அதே மாவட்டத்தில்தான், காரில் போகும் தூரம். நாம் பள்ளித் தரவரிசைப் பட்டியலைப் பார்த்துக்கொண்டே இவற்றைக் கடந்து போகிறோம்.

சிறு வயதில் பாட்டுப் பயிற்சி உண்டு. நடிக்க வேண்டும் என்ற எண்ணமும் சீக்கிரமே வந்துவிட்டது. வீட்டில் உடனே ஆரத்தி எடுக்கவில்லை. படிப்பை எதிர்பார்த்த பெற்றோர், இந்தத் தொழிலைக் கண்டு பயந்தார்கள். அது நம்பிக்கையின்மை அல்ல, பிள்ளையைப் பற்றிய பயம் என்ற பொருளில் அவரே பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். இந்த இடத்தில் உங்கள் பக்கம் நின்றுதான் பேசுவேன். அந்தப் பயம் நியாயமானது. 2000-களின் பிற்பாதியில் இந்த நாட்டுத் தொலைக்காட்சியைப் போட்டால் நம் நிறத்தில் யார் தெரிந்தார்கள்? மூலைக் கடைக்காரர், மருத்துவமனை டாக்டர், கட்டாயக் கல்யாணத்திலிருந்து ஓடிவரும் பெண். பார்மிந்தர் நாக்ரா, ஆர்ச்சி பஞ்சாபி போல ஓரிருவர் பெயர் எடுத்தார்கள். பெயர் எடுத்ததும் அமெரிக்கத் தொடர்களுக்குப் போய்விட்டார்கள். மகளின் முகம் அந்தப் பெட்டியில் எங்கே பொருந்தும் என்று தேடிப் பார்த்த தாய் தகப்பனுக்குக் கண்ணில் எதுவும் படாமல் போனதில் வியப்பில்லை.

ஆனாலும் அந்தப் பெண் ஏ லெவல் படிக்கப் போனது மெய்டன்ஹெட்டின் ரெட்ரூஃப்ஸ் தியேட்டர் ஸ்கூலுக்கு. 1947-ல் தொடங்கிய பள்ளி. ரெடிங்கிலிருந்து வந்த கேட் வின்ஸ்லெட் அங்கே படித்தவர்தான். இப்படிப்பட்ட பள்ளியில் பாடப் புத்தகமும் உண்டு, மேடையும் உண்டு. பிள்ளை பதினாறு வயதிலேயே தேர்வுக்குப் போய், “நன்றி, இந்த முறை இல்லை” என்ற பதிலைக் கேட்டு, மறுநாள் காலை வகுப்பில் உட்காரப் பழகிக்கொள்கிறது. அதன்பின் லண்டன் சிஸ்விக்கில் இருக்கும் ஆர்ட்ஸ்எட்டில் நடிப்புப் பயிற்சி. ஃபார்வர்டில் இந்த ஆண்டுகள் இல்லவே இல்லை. குரல், மூச்சு, உடல், உச்சரிப்பு, ஒரு காட்சியில் நின்றுகொண்டு எதிராளி பேசுவதைக் கேட்பது எப்படி என்பது வரை தினமும் பயிலும் தொழிற்கல்வி இது. நாம் பொறியியலுக்கும் மருத்துவத்துக்கும் தரும் மரியாதையில் கால்வாசியைக்கூட இதற்குத் தந்ததில்லை.

இங்கே ஒரு கசப்பான கணக்கையும் சொல்லிவிட வேண்டும். இந்தத் தொழில் எல்லோருக்கும் சமமாகத் திறந்திருக்கிறது என்று நான் பசப்ப மாட்டேன். 2016-ல் சட்டன் டிரஸ்ட் என்ற அமைப்பு, பாஃப்டா விருது பெற்ற பிரிட்டிஷ் நடிகர்களில் 42 சதவீதம் பேர் கட்டணப் பள்ளிகளில் படித்தவர்கள் என்று கண்டது. நாட்டில் கட்டணப் பள்ளியில் படிப்போர் ஏறத்தாழ 7 சதவீதம்தான். காரணம் திறமையல்ல. வேலையில்லாத மாதங்களில் யார் வாடகை கட்டுவது என்பதுதான் காரணம். லண்டனில் அறை எடுத்து, உணவகத்தில் தட்டெடுத்து, நாளைக்குத் தேர்வு இருக்கிறது என்று இன்றைய ஷிஃப்டை விட்டுக்கொடுக்க எத்தனை வீட்டுப் பிள்ளைகளால் முடியும்? இதை மனதில் வையுங்கள். பிற்பாடு இதற்குத் திரும்ப வருகிறேன், ஏனென்றால் உங்களில் பலரால் முடியும்.

இனி யாரும் ஃபார்வர்ட் செய்யாத ஆண்டுகள்.

2016-ல் பி.பி.சி.யின் சிறுவர் அலைவரிசையில் ‘வுல்ஃப்பிளட்’ என்ற தொடர். மனித உருவில் வாழும் ஓநாய்க் கூட்டத்தின் கதை. அதில் ஸுஹ்ரா என்ற பாத்திரம். உங்கள் பிள்ளைகள் மாலையில் பார்த்திருப்பார்கள், நீங்கள் சமையலறையில் இருந்திருப்பீர்கள். அடுத்த ஆண்டு ‘பிராட்சர்ச்’ மூன்றாம் பருவத்தில் ஒரு சிறு வேடம். டேவிட் டெனன்ட்டும் ஒலிவியா கோல்மனும் துப்பறியும் தொடர் அது. நாடே பார்த்தது, இவரை யாரும் கவனித்திருக்க மாட்டார்கள். 2018-ல் ‘பூகி மேன்’, ‘கில் பென் லைக்’ என்று இரண்டு சின்னப் படங்கள். 2019-ல் ‘டிடெக்டிவ் பிகாச்சு’வில் கண் சிமிட்டினால் தவறிவிடும் ஒரு தோற்றம்.

இந்தப் பட்டியலில் பெருமைப்பட ஒன்றும் இல்லை என்று தோன்றும். எனக்கோ இதுதான் முழுக்கதையாகத் தோன்றுகிறது. ஒவ்வொரு சிறு வேடத்துக்கும் பின்னால் கிடைக்காமல் போன வேடங்கள் இருக்கும். வீட்டுச் சுவர் முன் நின்று கைப்பேசியில் வசனம் பேசி அனுப்புவார்கள். ‘செல்ஃப் டேப்’ என்பார்கள். பெரும்பாலும் பதிலே வராது. வேடம் கிடைத்தால் முகவர் தன் கமிஷனை எடுத்துக்கொள்வார், கிடைக்காவிட்டால் யாருக்கும் ஒன்றுமில்லை. 1927-ல் தொடங்கிய ‘ஸ்பாட்லைட்’ நடிகர் பட்டியலில் பெயர் இருக்க வேண்டும். 1930-ல் தொடங்கிய ஈக்விட்டி சங்கம் குறைந்தபட்சக் கூலியைப் பேசி வைத்திருக்கிறது. ஆம், சங்கம், கூலி, ஒப்பந்தம், ஓவர்டைம் எல்லாம் உள்ள தொழில். ‘சினிமா’ என்ற சொல்லைக் கேட்டதும் நம் வீடுகளில் ஒரு முகச்சுளிப்பு வருகிறதே, அது கோடம்பாக்கத்தைப் பற்றி நம் தாத்தாக்கள் சேர்த்துவைத்த கதைகளிலிருந்து வருவது. மெய்டன்ஹெட்டுக்கும் அதற்கும் சம்பந்தமில்லை.

2019 ஜனவரியில் நெட்ஃபிளிக்ஸில் வந்த அடுத்த தொடரின் பெயரைக் குடும்பக் குழுவில் தட்டச்சு செய்யவே உங்களுக்குக் கை கூசும்: ‘செக்ஸ் எஜுகேஷன்’. பாலியல் ஆலோசகரான தாயின் மகன் தன் பள்ளியிலேயே ரகசியமாக ஆலோசனை சொல்லும் கதை. வேல்ஸில் படமெடுத்தார்கள். பள்ளியின் அலட்டல் கும்பலில் ஒருத்தியாக ஒலிவியா ஹனான் என்ற வேடம் சிமோனுக்கு. மூன்று பருவங்கள் நடித்தார். கதை அவரைச் சுற்றி நடப்பதல்ல. இரண்டு பேருடன் சேர்ந்து தாழ்வாரத்தில் நடந்து வந்து, யாரையாவது மட்டம் தட்டிவிட்டுப் போகும் வேலை. ஆனால் எம்மா மேக்கி, ஷூட்டி கட்வா, எய்மி லூ வுட் என்று அந்தத் தொடரிலிருந்து கிளம்பிய பெயர்களைப் பாருங்கள். நடிகர் தேர்வாளர்கள் எல்லோரும் அதை உட்கார்ந்து பார்த்தார்கள். அப்போது நம் குழுக்களில் ஒரு ஃபார்வர்டும் வரவில்லை. அந்த நேரத்தில் அவர் தமிழ்ப் பெண்ணாக இருக்கவில்லை போலும்.

2021 பிப்ரவரியில் நெட்ஃபிளிக்ஸின் ‘பிரிட்ஜர்டன்’ தொடரின் இரண்டாம் பருவத்துக்கு நாயகியாக அறிவிக்கப்பட்டார். 2022 மார்ச் 25 அன்று வெளியானது. அவருக்கு 27 வயது நிறைய ஐந்து நாள் இருந்தது. முதல் வார இறுதியில் மட்டும் உலகம் முழுக்க 19 கோடியே 30 லட்சம் மணி நேரம் பார்த்தார்கள் என்று நெட்ஃபிளிக்ஸ் சொன்னது. அதுவரை எந்த ஆங்கிலத் தொடருக்கும் தொடக்கம் அப்படி அமைந்ததில்லை. அந்த வாரம்தான் நம் கைப்பேசிகள் விழித்துக்கொண்டன.

ஜூலியா குவினின் நாவலில் கேட் ஷெஃபீல்ட் என்ற வெள்ளைக்காரப் பெண்ணாக இருந்தவளைத் தொடரில் பம்பாயிலிருந்து வந்த கேட் ஷர்மாவாக மாற்றினார்கள். 1814-ன் லண்டன் சீமாட்டிகள் உலகில் ஓர் இந்தியக் குடும்பம். “வரலாற்றில் நடக்குமா இது?” என்று மூக்கைச் சுளித்தவர்கள் உண்டு. ஓர் இடைச்செருகல்: பாட்னாவில் பிறந்த ஷேக் தீன் முகமது லண்டன் போர்ட்மன் சதுக்கத்துக்கு அருகில் ‘ஹிந்துஸ்தானி காபி ஹவுஸ்’ திறந்தது 1810-ல். ஹைதராபாத்தில் பிரிட்டிஷ் ரெசிடெண்டுக்கும் கைருன்னிசா பேகத்துக்கும் பிறந்த கிட்டி கிர்க்பாட்ரிக் என்ற சிறுமி 1805-ல் சென்னையிலிருந்து கப்பலேறி இங்கிலாந்து வந்தாள். கிளம்புமுன் அவளையும் அவள் அண்ணனையும் சென்னையில் வைத்து ஜார்ஜ் சின்னரி வரைந்த ஓவியம் இன்றும் இருக்கிறது. 1814-ல் அந்தப் பெண் இந்த நாட்டில்தான் வளர்ந்துகொண்டிருந்தாள். ஆக, தொடர் பொய் சொன்னது என்றால் அது நிறத்தில் இல்லை. எல்லோரும் அவ்வளவு இனிமையாக வரவேற்றார்கள் என்று காட்டியதில்தான்.

இன்னொரு புகார் நம்மிடமிருந்து எழுந்தது, அதில் நியாயம் உண்டு. குடும்பப் பெயர் ஷர்மா, ஊர் பம்பாய், கூப்பிடுவது ‘அப்பா’, தங்கை அக்காவை அழைப்பது ‘தீதி’. மராத்தியும் பேசுவார்களாம். யாரோ இந்திய வரைபடத்தைக் கண்ணை மூடிக்கொண்டு தொட்டிருக்கிறார்கள். ஆனால் இதற்கு எழுத்தாளர் அறையைத்தான் கேட்க வேண்டும், நடிகையை அல்ல. அதே தொடரில் அக்கா தங்கைக்குத் தலையில் எண்ணெய் தடவிவிடும் காட்சி ஒன்று வருகிறது. கல்யாணத்துக்கு முன் மஞ்சள் பூசும் காட்சி ஒன்று. எண்ணெய்த் தலையோடு பள்ளிக்குப் போய்க் கேலி வாங்கிய நம் பெண்பிள்ளைகள் அந்தக் காட்சியைத் திரும்பத் திரும்பப் போட்டுப் பார்த்தார்கள். ஷர்மா எந்த ஊர்ப் பெயர் என்ற ஆராய்ச்சி அவர்களுக்குத் தேவைப்படவில்லை.

நிறத்தைப் பற்றிச் சொல்லாமல் போனால் இந்த மடல் பொய்யாகிவிடும். சிமோன் கறுப்பு. மாநிறம், டஸ்கி என்றெல்லாம் நாம் பூசி மெழுகும் சொற்கள் எனக்குத் தெரியும், வேண்டாம். நம் வீட்டுப் பெண்களின் நிறம் அது. அந்த நிறத்துப் பெண் ஒரு காதல் கதையின் நாயகியாக, பட்டு கவுனில், மாளிகைத் தோட்டத்தில், நாயகன் மூச்சுத் திணறிப் பார்க்கும்படி நின்றாள். அதைச் செய்தது லண்டன். நம் தமிழ் சினிமா பல பத்தாண்டுகளாக வடக்கிலிருந்து வெளுத்த நாயகிகளை வரவழைத்து, தமிழ் தெரியாத வாய்க்கு இன்னொருவரின் குரலைப் பொருத்தி, மண்வாசனைக் கதை எடுத்துக்கொண்டிருக்கிறது. சரிதா, அர்ச்சனா என்று விதிவிலக்குகளை விரல்விட்டு எண்ணலாம். 1975-ல் இந்தியாவுக்கு வந்த ஃபேர் அண்ட் லவ்லி கிரீம் தன் பெயரிலிருந்து ‘ஃபேர்’ என்ற சொல்லைக் கழற்ற 2020 வரை ஆனது. அதன் தாய் நிறுவனமான யூனிலீவரின் தலைமையகம் இங்கே லண்டனில்தான். அந்தக் குழாயைச் சூட்கேசில் அடைத்துக்கொண்டு விமானம் ஏறிய சித்திகளை எனக்குத் தெரியும். கறுத்த மகளுக்கு வரன் தேடும்போது படத்தை வெளுக்கச் சொல்லும் குடும்பத்திலிருந்து சிமோன் ஆஷ்லியின் படம் ஃபார்வர்டாகி வரும்போது எனக்குச் சிரிப்பதா அழுவதா என்று தெரியவில்லை.

சிலர் அவர் ‘பிள்ளை’யை விட்டுவிட்டாரே என்று குறைபடுகிறார்கள். யார்க்ஷயரில் பிறந்த கிருஷ்ணா பண்டிட் பாஞ்ஜி தன் பெயரை பென் கிங்ஸ்லி என்று மாற்றிக்கொண்டுதான் வேலை தேடினார். பிறகு காந்தியாக நடித்து ஆஸ்கர் வாங்கினார். அவருடைய காலத்தில் அது கட்டாயம். இன்று நடிகைகள் சரித்ரா சந்திரனும் அஞ்சனா வாசனும் முழுத் தமிழ்ப் பெயரோடு நிற்கிறார்கள். சிமோன் இடையில் வருகிறார். மேடைப் பெயர் அவரவர் தீர்மானம். நம்மில் எத்தனை பேர் அலுவலகத்தில் ‘சுப்ரமணியன்’ என்ற பெயரைச் ‘சப்’ என்று வெட்டிக்கொண்டவர்கள் என்று எண்ணிப் பார்த்துவிட்டுக் குறை சொல்லலாம்.

“சரி, பிரிட்ஜர்டன் வந்தது. அப்புறம்?” இது உங்கள் அடுத்த கேள்வி. சரியான கேள்விதான்.

அப்புறம் நேராக ஏறும் படிக்கட்டு எதுவும் வந்துவிடவில்லை. மூன்றாம் பருவத்தில் கதை வேறு ஜோடிக்குப் போய்விட்டது. கேட் சில காட்சிகளில் வந்து போனாள். 2023-ல் டிஸ்னியின் ‘தி லிட்டில் மெர்மெய்ட்’ படத்தில் கடல்கன்னியின் சகோதரிகளில் ஒருத்தி, சிறு வேடம். 2025 மார்ச்சில் அமேசான் பிரைமில் ‘பிக்சர் திஸ்’. லண்டனில் தள்ளாடும் ஒரு போட்டோ ஸ்டூடியோவின் சொந்தக்காரியாக நாயகி வேடம், நிர்வாகத் தயாரிப்பாளர் என்ற பொறுப்பும் சேர்த்து. இயக்கியவர் பிரார்த்தனா மோகன். விமர்சகர்கள் பெரிதாகக் கொண்டாடவில்லை, எனக்கும் கதை பழசாகத்தான் பட்டது. ஆனால் கேமராவுக்கு முன்னால் நிற்பவர் கேமராவுக்குப் பின்னால் எடுக்கும் முடிவுகளிலும் இடம் பிடிக்கத் தொடங்கியது அங்கேதான்.

அதே ஆண்டு ஜூனில் பிராட் பிட் நடித்த ‘எஃப் 1’ வந்தது. அதில் சிமோன் நடிக்கிறார் என்று அறிவித்தார்கள், பந்தயத் திடல்களில் படக்குழுவோடு அவர் இருக்கும் படங்கள் வந்தன, நம் குழுக்களும் காத்திருந்தன. படம் வெளியானபோது அவர் பாத்திரம் வெட்டப்பட்டிருந்தது. கண்ணுக்குத் தட்டுப்படுவது சில நொடிகள். எந்தப் படத்திலும் எடுத்ததை எல்லாம் வைக்க முடியாது, இது எப்போதும் நடப்பதுதான் என்று இயக்குநர் ஜோசப் கோசின்ஸ்கி விளக்கினார். சிமோனின் திறமையைப் பாராட்டவும் செய்தார். இதே சம்பவம் நம் வீட்டுப் பெண்ணுக்கு நடந்திருந்தால் “நான் அப்பவே சொன்னேன்” என்ற ஒரு வாக்கியம் மூன்று கண்டங்களிலிருந்து தொலைபேசியில் வந்திருக்கும். சிமோனோ ‘தி டெவில் வேர்ஸ் பிராடா’வின் இரண்டாம் பாகத்தில் மெரில் ஸ்ட்ரீப், ஆன் ஹாத்தவேயுடன் நடிக்க நியூயார்க் போனார். உலகமே பார்த்த தொடருக்குப் பின்னும் படத்தொகுப்பு அறையில் ஒருவரின் வேலை காணாமல் போகலாம். இந்தத் தொழிலில் இது இயல்பு. பிள்ளைக்கு இதைத் தாங்கும் மனம் உண்டா என்று பார்ப்பது பெற்றோரின் வேலை. அந்த மனமும் பயிற்சியில்தான் வரும். வீட்டில் பூட்டிவைத்தால் வராது.

எல்லோரும் பதினாறு வயதில் மேடைப் பள்ளிக்கு ஓட வேண்டும் என்று நான் சொல்லவில்லை. சிமோனுக்குத் தங்கையாக நடித்த சரித்ரா சந்திரனின் பாதை உங்களுக்கு இன்னும் பிடிக்கும். 1997-ல் ஸ்காட்லாந்தின் பெர்த்தில் பிறந்தவர். பெற்றோர் இருவரும் தமிழ்நாட்டிலிருந்து வந்த மருத்துவர்கள். ஆக்ஸ்ஃபர்டில் தத்துவம், அரசியல், பொருளாதாரம் படித்தார். பெரிய ஆலோசனை நிறுவனம் ஒன்றில் வேலை காத்திருந்தது. இடையில் நடிப்பை முயன்று பார்த்தவர் திரும்பிப் போகவில்லை. அஞ்சனா வாசன் இன்னொரு விதம்: சென்னையில் பிறந்து சிங்கப்பூரில் வளர்ந்து, பல்கலைக்கழகம் முடித்தபின் கார்டிஃபில் ராயல் வெல்ஷ் கல்லூரிக்கு நடிப்புப் படிக்க வந்தார். ஆல்மேடா நாடகக் குழுவின் ‘எ ஸ்ட்ரீட்கார் நேம்ட் டிசையர்’ நாடகத்தில் ஸ்டெல்லாவாக நடித்து 2023-ல் சிறந்த துணை நடிகைக்கான ஒலிவியர் விருதை வாங்கினார். மேடை நாடகத்துக்கு இந்த நாட்டில் அதைவிடப் பெரிய விருது இல்லை. அவருடைய படம் நம் குழுவில் வந்ததாக நினைவில்லை. கவுன் போட்ட படம் இருந்தால்தான் நமக்கு விருது கண்ணில் படும்.

இப்போது நான் கேட்க வந்த இடத்துக்கு வருகிறேன்: அரங்கேற்றம்.

நம் பெண்கள் ஐந்து வயதில் பரதநாட்டிய வகுப்புக்குப் போகிறார்கள். ஹாரோவிலும் ஈஸ்ட் ஹாமிலும் குரோய்டனிலும் வாரம் தவறாமல் கூட்டிப்போகிறீர்கள், மழையில் காரில் காத்திருக்கிறீர்கள். பத்து ஆண்டு கழித்து அரங்கேற்றம். மண்டபம், சென்னையிலிருந்து பக்கவாத்தியக்காரர்கள், காஞ்சிபுரத்தில் சொல்லித் தைத்த உடை, நகை, வீடியோ, வந்தவர்களுக்கு விருந்து. ஒரு சின்னக் கல்யாணச் செலவு. முகம் சுளிக்காமல் செய்கிறீர்கள், நானும் வந்து சாப்பிட்டிருக்கிறேன். அந்த மேடையில் உங்கள் மகள் என்ன செய்கிறாள்? ராதையாக ஏங்குகிறாள். யசோதையாகக் கோபிக்கிறாள். வராத தலைவனுக்காகப் பதத்தில் அழுகிறாள். அபிநயம் என்பது நடிப்புதானே. பத்தாண்டு நடிப்புப் பயிற்சி கொடுத்து, நூற்றுக்கணக்கானவர் முன்னால் அதை அரங்கேற்றியும் விட்டு, அதே மகள் பள்ளியில் டிராமா எடுக்கிறேன் என்றால் குடும்ப மானம் எங்கே போகிறது?

முன்பு சொன்ன வாடகைக் கணக்கு இங்கேதான் வருகிறது. இந்தத் தொழிலில் மூடிய கதவு பெரும்பாலும் பணக்கதவு. அரங்கேற்றத்துக்குச் செலவழிக்கும் வீடு, பயிற்சி முடித்த பிள்ளைக்கு இரண்டு ஆண்டு மாடியறையில் இடமும் சாப்பாடும் தர முடிந்த வீடு. லண்டனைச் சுற்றி வீடு வைத்திருப்பதே இந்தத் தொழிலில் பெரிய சொத்து. நியூகாசிலிலிருந்து வரும் ஏழை வெள்ளைக்காரப் பிள்ளைக்கு அது கிடையாது. எல்லா வீட்டிலும் இப்படி வசதி இல்லை என்பதும் தெரியும். இரண்டு ஷிஃப்ட் பார்க்கும் பெற்றோருக்கு நான் இதைச் சொல்லவில்லை. அவர்கள் பயத்துக்கு வேறு பெயர் உண்டு. வசதி இருந்தும் பயப்படுகிறவர்களுக்குச் சொல்கிறேன்.

சில நடைமுறைச் செய்திகள், பலர் தனியாக அழைத்துக் கேட்பதால். முன்பணம் கேட்கும் ‘ஏஜென்சி’யிடம் போகாதீர்கள், போர்ட்ஃபோலியோவுக்கு இவ்வளவு, பதிவுக்கு இவ்வளவு என்று ஷாப்பிங் சென்டரில் பிள்ளையைப் பார்த்துச் சிரித்துக்கொண்டு வருவார்கள். உண்மையான முகவர் வேலை வாங்கித் தந்தபின் கமிஷன் எடுப்பவர். பள்ளி வயதுப் பிள்ளை கூலிக்கு நடிக்க வேண்டுமானால் பெரும்பாலும் உள்ளூர் கவுன்சிலின் உரிமம் வேண்டும். உடன் இருக்கும் காப்பாளர், வேலை நேர வரம்பு, படிப்புக்கான நேரம் எல்லாம் அதில் எழுதியிருக்கும். 1956-ல் தொடங்கிய நேஷனல் யூத் தியேட்டர் 14 வயதிலிருந்து பிள்ளைகளைத் தேர்வு செய்கிறது. ஹெலன் மிர்ரன், டேனியல் கிரெய்க் அங்கிருந்து வந்தவர்கள், சரித்ராவும் அதில் இருந்தவர்தான். வசதி குறைந்தவர்களுக்கு உதவித்தொகை உண்டு. புகழ்பெற்ற நாடகப் பள்ளிகள் பலவற்றின் பட்டப்படிப்புக்கு மாணவர் கடன் கிடைக்கும், மகன் கம்ப்யூட்டர் சயின்ஸ் படிக்க வாங்கும் அதே கடன்.

மேடைப் பள்ளி வாய்க்காவிட்டால் சாதாரணப் பள்ளியின் டிராமா வகுப்புதான், அதுவும் தேய்கிறது. அரசே 2010-ல் கொண்டுவந்த, பள்ளிகளை மதிப்பிடும் ஈபேக் அளவுகோலில் நாடகத்துக்கு இடம் வைக்கவில்லை, அதற்குப்பின் ஜி.சி.எஸ்.இ. டிராமா எழுதும் பிள்ளைகளின் எண்ணிக்கை சரிந்தது, சில பள்ளிகள் பாடத்தையே எடுத்துவிட்டன. உங்கள் பள்ளியில் இன்னும் இருக்கிறதென்றால் அது இருப்பதே ஓர் ஆசிரியரின் பிடிவாதத்தால்தான் இருக்கும். பெற்றோர் கூட்டத்தில் கணக்கு ஆசிரியர் முன் வரிசையில் நிற்கும் நீங்கள், ஒருமுறை அந்த டிராமா ஆசிரியரின் மேசைக்கும் போய் உட்காருங்கள். அங்கே வரிசை இருக்காது. உங்கள் பிள்ளை வகுப்பில் என்ன செய்கிறாள் என்று அவரிடம் கேளுங்கள். உங்களுக்குத் தெரியாத ஒருத்தியைப் பற்றி அவர் பேசக்கூடும்.

கடைசியாக ஒன்று. ஆப்ஷன்ஸ் படிவம் பொதுவாக இயர் நைனின் வசந்தப் பருவத்தில் வீட்டுக்கு வரும். பிள்ளை டிராமாவுக்கு நேரே டிக் போட்டிருந்தால், தயவுசெய்து அதை அழித்துவிட்டு அந்தப் பேனாவோடு என்னைக் கூப்பிடாதீர்கள். அழிக்கும் முன்பே கூப்பிடுங்கள், பேசலாம்.

அன்புடன்,
உங்கள் பிள்ளைகளின் சனிக்கிழமை டீச்சர்